டைட்டிலில் நாலாவது பெயர்

தட்டாஞ்சாவடியில், தொழிற்பேட்டைக்கு இந்தப் பக்கம் குடியிருக்கிற ஒருத்தனுக்குப் பிரெஞ்சு நடிகைகளைப் பற்றி எழுத என்ன யோக்கியதை என்று நீங்கள் கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். கடற்கரைப் பக்கம், மஞ்சள் சுவரும் காகிதப்பூக் கொடியுமாக இருக்கிற வீட்டில் உட்கார்ந்து எழுதினால்தான் இதெல்லாம் எடுபடும். எங்கள் பக்கம் லாரிச் சத்தமும் பட்டறைச் சத்தமும்தான். ஆனாலும் பிரெஞ்சுப் படையில் இருந்த சொல்தாக்களின் வீடு ஒன்றாவது இல்லாத தெரு புதுச்சேரியில் அபூர்வம். எங்கள் தெருவிலும் ஒரு அண்ணன் இருக்கிறார். பிரெஞ்சு ராணுவத்தில் இருந்து ஓய்வு பெற்றவர். மாதம் பிறந்தால் யூரோவில் பென்ஷன், சாயங்காலம் பிரெஞ்சு சேனல், ராத்திரிக்கு இட்லி. கல்கி கோச்லினைப் பற்றி எழுதப்போகிறேன் என்று அவரிடம் வாய் தவறிச் சொல்லிவிட்டேன்.

“எந்தக் கல்கி? பொன்னியின் செல்வனா?”

“இல்லண்ணே, நடிகை. புதுச்சேரில பொறந்த பிரெஞ்சுப் பொண்ணு.”

“ஓ, அந்தப் பொண்ணா. டைட்டில்ல நாலாவது பேரா வருமே. அதுக்கு எதுக்கு தம்பி ஒரு பதிவு?”

நாலாவது பெயர் என்பதால்தான் எழுதத் தோன்றியது. முதல் பெயரைப் பற்றி எழுத ஊரே இருக்கிறது. நாலாவது பெயராகவே பதினைந்து வருஷத்துக்கு மேல் தாக்குப்பிடிப்பது வேறு மாதிரித் தொழில். அதற்குத் தனிச் சாமர்த்தியம் வேண்டும், அதில் தனி அவமானங்களும் உண்டு.

முதலில் ஆள் யார் என்று பார்த்துவிடலாம். கல்கி பிறந்தது ஜனவரி 10, 1984, புதுச்சேரியில். அப்பா, அம்மா இருவரும் பிரெஞ்சுக்காரர்கள். ஸ்ரீ அரவிந்தர் மேல் பற்று வைத்து இந்தியாவுக்கு வந்தவர்கள். சின்ன வயது ஆரோவில்லில் கழிந்தது. (ஆரோவில்லின் பெரும்பகுதி விழுப்புரம் மாவட்டம், அதாவது தமிழ்நாடு. ஆனாலும் உலகத்துக்கு அது புதுச்சேரிதான். நாங்களும் மறுப்பதில்லை.) அப்புறம் ஊட்டிக்குப் பக்கத்தில் கல்லட்டி. படித்தது ஊட்டி ஹெப்ரான் பள்ளியில். பதினெட்டு வயதில் லண்டன் போய் கோல்ட்ஸ்மித்ஸ் கல்லூரியில் நாடகம் படித்தார். வார இறுதியில் ஹோட்டலில் பரிமாறும் வேலை. திரும்பி வந்து பெங்களூரு, பிறகு மும்பை. அவருடைய மூதாதையரில் ஒருவர் மொரீஸ் கோக்லான், ஈபிள் கோபுரத்தின் முதல் வரைபடத்தை 1884-இல் போட்ட பொறியாளர். பெயரை மட்டும் ஈபிள் வாங்கிக்கொண்டார். குடும்பத்தில் நாலாவது பெயர் வழக்கம் அப்போதே தொடங்கிவிட்டது போல.

எங்கள் ஊரில் கறுத்த தோலும் பிரெஞ்சு பாஸ்போர்ட்டும் ஒன்றாக இருப்பதை யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. 1962 ஆகஸ்ட் 16-இல் புதுச்சேரி சட்டப்படி இந்தியாவோடு சேர்ந்தபோது, விரும்பியவர்கள் எழுதிக்கொடுத்து பிரெஞ்சுக் குடியுரிமையை வைத்துக்கொள்ள ஒப்பந்தத்தில் இடம் இருந்தது. அப்படி வைத்துக்கொண்டவர்களின் பேரப்பிள்ளைகள்தான் இன்று பாரிஸில் இருந்து கோடை விடுமுறைக்கு வந்து இறங்குகிறார்கள். கல்கியின் கதை இதைத் தலைகீழாகத் திருப்பிப் போட்டது. வெள்ளைத் தோல், தமிழ் பேசுகிற வாய், பிழைப்பு இந்தி சினிமா. ஊரில் நம் பிள்ளைகளைப் பார்த்து “நீ பிரெஞ்சுக்காரனா?” என்று வெளியூர்க்காரர்கள் சந்தேகத்தோடு கேட்பார்கள். கல்கியை மும்பையில் “நீ இந்தியாக்காரியா?” என்று கேட்டார்கள். கேள்வி கேட்கிற தொனி ஒன்றுதான்.

‘தேவ்.டி’ படத்துக்கு நடிகை தேடியபோது இயக்குநர் அனுராக் காஷ்யப் அவருடைய புகைப்படத்தைப் பார்த்துவிட்டு முதலில் வேண்டாம் என்றுதான் சொன்னார். ஆடிஷன் வீடியோவைப் பார்த்த பிறகு மனசு மாறினார். கல்கிக்கு அப்போது இந்தி சரளமாக வராது. படத்துக்காகக் கற்றுக்கொண்டார்.

இங்கே கொஞ்சம் நின்று ஒரு பழைய கணக்கைப் பார்க்க வேண்டும். எனக்கு இந்தப் பதிவு எழுத ஆசை வந்ததே இதனால்தான்.

சரத் சந்திரரின் ‘தேவதாஸ்’ 1917-இல் அச்சில் வந்தது. தமிழில் 1953-இல் நாகேஸ்வர ராவும் சாவித்திரியும் நடித்து நம் பாட்டிகளை அழவைத்தார்கள். அதில் சந்திரமுகி, திருவாங்கூர் சகோதரிகளில் மூத்தவரான லலிதா. 1955-இல் பிமல் ராய் இந்தியில் எடுத்தபோது சுசித்ரா சென் பார்வதி, நம் திருவல்லிக்கேணி வைஜயந்திமாலா சந்திரமுகி. ஃபிலிம்ஃபேர் அவருக்குச் சிறந்த துணை நடிகை பரிசு கொடுத்தது. அவர் வாங்க மறுத்துவிட்டார். என் பாத்திரம் பார்வதிக்குச் சமமானது, துணைப் பாத்திரம் இல்லை என்பது அவர் கட்சி. 2002-இல் சஞ்சய் லீலா பன்சாலி எடுத்ததில் மாதுரி தீட்சித் சந்திரமுகி. அதே பரிசு வந்தது, வாங்கிக்கொண்டார். 2009 பிப்ரவரியில் ‘தேவ்.டி’ வெளியானது. அதில் சந்தா என்கிற சந்திரமுகி, கல்கி. 2010-இல் மறுபடியும் அதே பரிசு.

ஒரே பாத்திரம் மூன்று முறை துணை நடிகை பரிசை வாங்கிக் கொடுத்திருக்கிறது. மூன்று பேரில் மறுத்தவர் ஒருவர்தான், அவரும் தமிழ்நாட்டுக்காரர். ஆனால் அவர் மறுத்ததற்குத் தெம்பு இருந்தது. ‘நாகின்’ அதற்கு முன்பே ஓடி முடிந்திருந்தது, அவர் ஏற்கெனவே நாயகி. கல்கிக்கு இது முதல் படம். மறுக்கிற இடத்தில் அவர் இல்லை.

இதில் வேடிக்கை என்னவென்றால், வைஜயந்திமாலாவின் வாதம் அவரை விடக் கல்கிக்குத்தான் கச்சிதமாகப் பொருந்தும். நாவலில் தேவதாஸ் பார்வதி வீட்டு வாசலில் செத்துப்போகிறான். காஷ்யப்பின் தேவ் சாகவில்லை. குடியில் இருந்து எழுந்து சந்தாவிடம் போய்ச் சேருகிறான். பாரோ என்கிற பார்வதி பாதியிலேயே கல்யாணம் ஆகிக் கதையை விட்டுப் போய்விடுகிறாள். படத்தின் பிற்பாதியைத் தூக்கிச் சுமப்பவள் சந்தா. பள்ளிக்கூடத்துப் பெண்ணின் அந்தரங்க வீடியோ ஊரெல்லாம் பரவ, அப்பா தற்கொலை செய்துகொள்ள, சொந்த வீடே அவளைக் கைவிட, பகலில் கல்லூரியும் இரவில் விபச்சாரமுமாக வாழ்கிறவள். கதை அவளிடம்தான் முடிகிறது. ஆனால் பாரோவாக நடித்த மாஹி கில்லுக்கு விமர்சகர்கள் தேர்வில் சிறந்த நடிகை, கல்கிக்குத் துணை நடிகை. கதாநாயகி யார் என்பதைப் பரிசுக் குழுக்கள் கதையைப் பார்த்து முடிவு செய்வதில்லை. பழக்கத்தை வைத்து முடிவு செய்கின்றன.

அதற்குப் பிறகு என்ன ஆனது? இந்தி சினிமாவில் வெள்ளைத் தோலுக்கு என்ன வேலை இருக்குமோ அதுதான் முதலில் வந்திருக்கும் என்று ஊகிக்க ஜோசியம் தேவையில்லை. கல்கி அதில் மாட்டாமல் நழுவினார். 2011-இல் ‘ஜிந்தகி நா மிலேகி தோபாரா’. மூன்று நண்பர்கள் ஸ்பெயினுக்குப் போகிறார்கள், அதில் ஒருவனுக்கு நிச்சயிக்கப்பட்ட பெண் நடாஷா. சந்தேகப் பிராணி, அதிகாரம் செய்பவள், நண்பர்களின் சந்தோஷத்தில் மண் அள்ளிப் போடுகிறவள். எழுத்தில் அந்தப் பாத்திரத்துக்கு இருக்கிற ஒரே வேலை, பையனுக்கு இந்தக் கல்யாணம் வேண்டாம் என்று நமக்குத் தோன்றவைப்பது. சுதாரிப்பில்லாத நடிகை என்றால் தியேட்டரே அவளைத் திட்டும். கல்கி அவளைத் திட்டவும் விடவில்லை, பாவப்படவும் விடவில்லை. தான் விரும்பப்படவில்லை என்பது அரைகுறையாகத் தெரிந்தும் அதைக் கேட்டுவிட்டால் உடைந்துவிடும் என்று பயந்து இன்னும் சத்தமாகப் பேசுகிற பெண் ஒருத்தி அதில் இருக்கிறாள். அது வசனத்தில் இல்லை, அவர் கொண்டுவந்தது.

2013-இல் ‘யே ஜவானி ஹை தீவானி’. ரன்பீரும் தீபிகாவும் பாட்டுப் பாடிக்கொண்டிருக்க, அதிதி என்கிற தோழி. முரட்டுப் பெண்ணாகத் தொடங்கி, நண்பன் மேல் இருந்த காதலைச் சொல்லாமலே விழுங்கி, வேறு ஒருவனை மனசோடு கல்யாணம் செய்துகொள்கிறாள். பிற்பாதிக் கதை முழுக்க அவள் கல்யாண வீட்டில்தான் நடக்கிறது. கல்யாணப் பெண் அவள், ஆனால் போஸ்டரில் இன்னொரு ஜோடி. குணச்சித்திர நடிகையின் நிலைமையை இதைவிடப் பச்சையாகக் காட்ட முடியாது. இரண்டு படங்களுக்கும் துணை நடிகை பரிசுக்குப் பெயர் போனது, கிடைக்கவில்லை.

இந்த இடத்தில் அண்ணன் ஒரு நல்ல கேள்வி கேட்டார். “எங்க பிரெஞ்சு சினிமால மட்டும் இதுக்கு என்ன மரியாதையாம்?” அவருக்காக நான் சொன்ன பெயர் மரி-பிரான்ஸ் பிசியே. அண்ணனுக்கே அந்தப் பெயர் சட்டென்று நினைவுக்கு வரவில்லை, அதுவே ஒரு பதில்தான்.

பிசியே பிறந்தது 1944-இல், பிரெஞ்சு இந்தோசீனாவின் டலாட்டில். வியட்நாமின் ஊட்டி அது. குளிர், பங்களா, வெள்ளைக்காரர்களுக்கான மலைவாசம் எல்லாம் உண்டு. புதுச்சேரிக்காரர்களுக்கு இந்தோசீனா அந்நிய தேசம் இல்லை. சைகோனில் பிரெஞ்சு நிர்வாகத்தில் வேலை பார்த்த தாத்தாக்களின் படங்கள் இங்கே பல வீட்டுக் கூடங்களில் தொங்குகின்றன. பிசியேயின் அப்பா அதே நிர்வாகத்தின் மேல்தட்டில் இருந்த அதிகாரி. குடும்பம் பிறகு நியூ கலிடோனியாவுக்குப் போனது. பாரிஸுக்கு அவர் வந்தபோது வயது பன்னிரண்டு. கல்கியைப் போலவே சொந்த நாட்டுக்கு வெளியூர்க்காரியாக வந்து சேர்ந்தவர்.

1962-இல் பிரான்ஸ்வா த்ரூஃபோ ‘அந்த்வான் எ கொலெத்’ என்று அரை மணி நேரப் படம் ஒன்று எடுத்தார். பல நாட்டு இயக்குநர்கள் சேர்ந்து செய்த தொகுப்பில் ஒரு பகுதி அது. அதில் கொலெத், பிசியே. இசைக்கச்சேரியில் பார்த்த பெண் மேல் அந்த்வானுக்குக் காதல். அவள் வீட்டுக்கு எதிரிலேயே அறை எடுத்துக் குடிவருகிறான். அவளுடைய அப்பாவுக்கும் அம்மாவுக்கும் அவனை ரொம்பப் பிடித்துப்போகிறது. அவளுக்குத்தான் பிடிக்கவில்லை. கடைசியில் அவள் வேறொருவனோடு வெளியே கிளம்பிவிட, பையன் அவள் பெற்றோருடன் உட்கார்ந்து டிவி பார்க்கிறான். கொலெத் அவனை ஏமாற்றவும் இல்லை, அவமானப்படுத்தவும் இல்லை. நட்பாக, சாதாரணமாக இருக்கிறாள், அவ்வளவுதான். அந்தச் சாதாரணம்தான் வலிக்கிறது. பதினேழு பதினெட்டு வயதில் இதை ஒரு பெண் நடித்திருக்கிறாள் என்று நினைத்தால் எனக்கு இன்றைக்கும் ஆச்சரியம்.

பிரான்சின் செசார் விருது 1976-இல் தொடங்கியபோது, முதல் வருஷத்துத் துணை நடிகை பரிசு பிசியேவுக்கு. ‘குசேன், குசீன்’ படமும் ஆந்த்ரே தெஷினேயின் ஒரு படமும் சேர்ந்து வாங்கிக் கொடுத்தன. ‘குசேன், குசீன்’ படத்தில் நாயகனின் மனைவி அவர். நாயகனோ இன்னொருத்தியோடு நெருங்குகிறான், நாம் அந்த நெருக்கத்தை ரசிக்க வேண்டும் என்று கதை விரும்புகிறது. நடாஷாவின் நிலைமையேதான். கதைக்கு இடைஞ்சலாக நிற்கிற பெண். நாயகி மரி-கிறிஸ்தீன் பரோ ஆஸ்கர் பரிந்துரை வரை போனார், செசார் இடைஞ்சல் பெண்ணுக்கு வந்தது. அடுத்த வருஷம் தெஷினேயின் ‘பரோக்கோ’வுக்காக மறுபடியும் அதே பரிசு. அதில் முதல் பெயர்கள் இசபெல் அஜானியும் ஜெரார் தெபார்தியூவும்.

பிசியே நாயகியாகவும் நடித்திருக்கிறார், ஹாலிவுட்டுக்கும் போய்வந்தார். அதையெல்லாம் விட்டுவிடுகிறேன். எனக்கு முக்கியமாகப் படுவது அவர் கையில் எடுத்த பேனா. 1979-இல் த்ரூஃபோ அந்த்வான் கதையை முடிக்க ‘லாமூர் ஆன் ஃபுயித்’ எடுத்தார். கொலெத் திரும்பி வருகிறாள், இப்போது வழக்கறிஞர். அந்தப் படத்தின் திரைக்கதையில் பிசியேயின் பெயரும் இருக்கிறது. தன்னைக் காதலித்தவன் எழுதிய நாவலை ரயிலில் படித்து, அதில் தன்னைப் பற்றி எழுதியிருப்பதைச் சரிபார்க்கிறாள் கொலெத். பதினேழு வருஷத்துக்கு முன் ஆண் பார்வையில் வந்துபோன பெண், தன் தரப்பைத் தானே எழுத உட்கார்ந்தது போல இருக்கும். அப்புறம் 1984-இல், கல்கி பிறந்த அதே வருஷம், நியூ கலிடோனியாவில் வளர்ந்த அனுபவத்தை வைத்து ‘கவர்னர் மாளிகை நடனம்’ என்கிற பொருளில் ஒரு நாவல் வெளியிட்டார். 1990-இல் அதைத் தானே இயக்கிப் படமாக்கினார். 2011 ஏப்ரலில் அறுபத்தாறு வயதில் இறந்தார்.

கல்கியும் அதே வழிக்குத்தான் வந்தார். ‘தேவ்.டி’ வெளியான 2009-லேயே பிரசாந்த் பிரகாஷோடு சேர்ந்து எழுதிய ‘ஸ்கெலிட்டன் உமன்’ நாடகத்துக்கு ‘தி ஹிந்து’ மெட்ரோபிளஸ் நாடகாசிரியர் விருது கிடைத்தது. அடுத்தது ‘தட் கேர்ள் இன் எல்லோ பூட்ஸ்’. 2010-இல் வெனிஸ் விழாவில் திரையிடப்பட்ட படம், காஷ்யப்போடு சேர்ந்து அவரே எழுதியது. தன் இந்திய அப்பாவைத் தேடி மும்பைக்கு வந்து, மசாஜ் நிலையத்தில் வேலை செய்கிற ரூத் என்கிற வெளிநாட்டுப் பெண். மும்பை ஆண்கள் வெள்ளைத் தோலை எப்படிப் பார்க்கிறார்கள் என்பதை ஒரு வெள்ளைத் தோல்காரியே எழுதிய இந்தியப் படம் வேறு எனக்குத் தெரியாது. படம் எனக்கு முழுசாகப் பிடிக்கவில்லை, முடிவு அதிர்ச்சிக்காகவே வைத்தது போல இருக்கும். ஆனால் குடியேற்ற அலுவலகத்தில் விசாவுக்காக அவள் காத்துக் கிடக்கிற காட்சிகளைப் பார்த்தபோது, பாஸ்போர்ட் வேலைக்காக அலைகிற எங்கள் தெருக்காரர்கள்தான் நினைவுக்கு வந்தார்கள்.

நாயகியாக நடித்த படம் சொல்லு என்று அண்ணன் விடாமல் கேட்டதால் ‘மார்கரீட்டா வித் எ ஸ்ட்ரா’ சொன்னேன். ஷோனாலி போஸ் இயக்கி 2014-இல் டொரன்டோ விழாவில் காட்டப்பட்டது, இந்தியாவில் 2015 ஏப்ரலில் வந்தது. பெருமூளை வாதம் உள்ள லைலா என்கிற கல்லூரிப் பெண்ணாகக் கல்கி. தேசிய விருதுகளில் நடுவர் குழுவின் சிறப்பு விருது. உடல் குறைபாடு உள்ளவர்களின் பாத்திரத்தை அந்தக் குறைபாடு இல்லாதவர்கள் நடிக்கலாமா என்ற விவாதம் நியாயமானது, இந்தப் படத்தையும் அது விடாது. நான் கவனித்தது இன்னொன்று. இதில் லைலாவின் அம்மா, நம் ரேவதி. ‘மண்வாசனை’யில் நாயகியாக வந்தவர், இங்கே மகளைக் குளிப்பாட்டி, தலை வாரி, வண்டி ஓட்டி, மகளின் ஆசைகள் பிடிபடாமல் தவிக்கிற அம்மா. இந்த ஒரு படத்தில் கல்கி முதல் பெயர், ரேவதி துணை. மகளை முன்னால் நிறுத்திவிட்டு அவர் எவ்வளவு லாவகமாக ஓரமாக நிற்கிறார் என்று பாருங்கள்.

இதற்கு அப்புறமும் நாயகி வரிசை கட்டி நிற்கவில்லை. கல்கி பழைய இடத்துக்கே திரும்பினார். அங்கேதான் எனக்கு மிகவும் பிடித்த வேலையைச் செய்தார். கொங்கணா சென் சர்மாவின் ‘எ டெத் இன் தி கஞ்ச்’. 1979, மெக்லஸ்கிகஞ்ச், விடுமுறைக்கு வந்த ஒரு குடும்பமும் சிநேகிதர்களும். மிமியாகக் கல்கி. குடி, அழகு, சலிப்பு. கூட்டத்தில் பலவீனமான பையனைத் தன் பொழுதுபோக்குக்கு எடுத்து, பிறகு மறந்துவிடுகிறாள். அவளுக்கு அதில் கெட்ட எண்ணம் எதுவும் கிடையாது. செய்கிற கொடுமை தனக்கே தெரியாத ஆளை நடிப்பது எவ்வளவு கஷ்டம்! ‘கல்லி பாய்’, ‘மேட் இன் ஹெவன்’ இரண்டிலும் அவர் நன்றாகவே செய்திருந்தார், ஆனால் மிமி பக்கத்தில் அவை நிற்காது.

தமிழுக்கு வருவோம், வயிற்றெரிச்சலுக்கும் வருவோம். தமிழ் பேசுகிற, நாடகம் படித்த, தேசிய விருது வாங்கிய நடிகைக்கு நம் சினிமா முதலில் கொடுத்தது 2019-இல் ‘நேர்கொண்ட பார்வை’யில் ஒரு பாட்டு. அடுத்த வருஷம் ‘பாவக் கதைகள்’ தொகுப்பில் விக்னேஷ் சிவன் பகுதியில் அஞ்சலியின் தோழி. 2025 பொங்கலுக்கு விஷ்ணுவர்தனின் ‘நேசிப்பாயா’வில் வழக்கறிஞர். கொலெத்தும் வழக்கறிஞராகத்தான் திரும்பி வந்தாள் என்பது தற்செயல், ஆனால் கொலெத்துக்கு எழுதிய அளவு இங்கே யாரும் மெனக்கெடவில்லை.

இதே காலத்தில் பிரெஞ்சு சினிமா என்ன செய்தது என்று பாருங்கள். ஜாக் ஓதியார் ‘தீபன்’ எடுத்தார். ஈழத்தில் இருந்து பொய்க் குடும்பமாகப் பாரிஸ் புறநகருக்கு வந்து சேர்கிற மூன்று பேர். அதன் நாயகி யாழினியாக நடிக்கச் சென்னை நாடகக்காரரான காளீஸ்வரி சீனிவாசனைக் கூட்டிப்போனார். பெரும்பாலும் தமிழ் வசனம். 2015-இல் கான் விழாவில் தங்கப் பனை வாங்கியது. பிரெஞ்சுப் படத்தில் தமிழ்ப் பெண் தமிழ் பேசி நாயகியாக முடிகிறது. தமிழ்ப் படத்தில் தமிழ் பேசும் பிரெஞ்சுப் பெண்ணுக்கு ஒரு பாட்டு.

பார்க்க விரும்புகிறவர்கள் ‘எ டெத் இன் தி கஞ்ச்’ படத்தில் தொடங்குங்கள், அடுத்து ‘அந்த்வான் எ கொலெத்’. ‘தேவ்.டி’யை அவசரப்படாமல், 1953 தேவதாஸைப் பார்த்துவிட்டுப் பாருங்கள். எழுதுகிறவர்கள், இயக்குகிறவர்கள் யாராவது இதைப் படித்தால் ஒரு விண்ணப்பம். நாற்பதைத் தாண்டிய, தமிழ் பேசுகிற வெள்ளைக்காரப் பெண் என்றால் சுற்றுலாப் பயணி, இல்லாவிட்டால் வெள்ளைக்கார துரையின் மனைவி என்று நினைக்காதீர்கள். ஒரு சனிக்கிழமை ஆரோவில் பக்கம், குயிலாப்பாளையம் கடைத்தெருவுக்கு வாருங்கள். இந்த ஊரிலேயே பிள்ளை பெற்று வளர்த்து, நில வரப்புக்கும் தண்ணீருக்கும் பக்கத்து வீட்டுக்காரரோடு சண்டை போட்டு, கத்தரிக்காய்க்கு நம்மைவிட நன்றாகப் பேரம் பேசுகிறவர்கள் ஐந்தாறு பேராவது கண்ணில் படுவார்கள். நாங்கள் அவர்களைத் தினம் பார்க்கிறோம், படத்தில்தான் இன்னும் பார்க்கவில்லை.